வாளும் மெருகும்

டோக்கியோவில் உயேனோ பூங்காவில் இருக்கிற தேசிய மியூஸியத்தில் ஒரு வாள் இருக்கிறது. அதற்கு மிகாஸுகி முனேசிகா என்று பெயர். முனேசிகா என்பது அதை அடித்த கொல்லனின் பெயர். மிகாஸுகி என்றால் மூன்றாம் பிறை. கூர்வாயை ஒட்டி ஓடுகிற வெள்ளைப் பட்டைக்குச் சற்று மேலே எஃகில் சின்னச் சின்னப் பிறைகள் தெரிவதனால் அந்தப் பெயர் வந்தது. வாள் ஏறக்குறைய 80 சென்டிமீட்டர் நீளம். செய்து குறைந்தது 800 ஆண்டுகள் ஆகிவிட்டன. ஜப்பானில் பேர் பெற்ற ஐந்து வாள்களில் அது ஒன்று என்று கணக்கு.

நான் போயிருந்த சமயம் அதைக் காட்சிக்கு வைத்திருந்தார்கள். கண்ணாடிக்கு முன்னால் ஐந்து நிமிஷம் நின்றேன். பளபளப்பாக ஒரு வாள் இருந்தது. பிறை எதையும் காணோம். பக்கத்தில் நின்ற வயதான ஜப்பானியர் ஒருவர் என்னைப் பார்த்தார். ஒன்றும் பேசாமல் தம் முழங்காலை மடக்கிக் குனிந்து காட்டினார். நானும் அப்படியே செய்தேன். விளக்கொளி எஃகின் மேல் நகர்ந்தது. ஒரு பிறை தெரிந்தது, பிறகு இன்னொன்று. தலையை அரை விரற்கடை அசைத்தேன், இரண்டும் போய்விட்டன.

பெரியவருக்குத் தலை வணங்கிவிட்டு வெளியே வந்தேன். பூங்காவில் உட்கார்ந்திருந்தபோது ஒரு கேள்வி எழுந்தது. பிறைகளை உண்டாக்கியவன் முனேசிகா, அதில் சந்தேகமில்லை. ஆனால் இத்தனை நூற்றாண்டுகளில் அந்த எஃகு பல தடவை மங்கியிருக்கும். பலர் அதைக் கல்லில் வைத்துத் தேய்த்திருப்பார்கள். அவர்களில் ஒருவன் கை தவறியிருந்தாலும் பிறை இல்லை, பெயரும் இல்லை. அப்படியானால் நான் முழங்காலை மடக்கிப் பார்த்தது யாருடைய வேலை?

இந்தக் கேள்விக்குப் பதில் தேடி நான் படித்ததையும் கேட்டதையும் வைத்துக்கொண்டு என் அபிப்பிராயத்தைச் சொல்லப் பார்க்கிறேன். நான் வாள் நிபுணன் அல்ல. வாக்கியங்களைத் தேய்த்துப் பிழைக்கிறவன். அந்த வகையில்தான் எனக்கு இதில் அக்கறை.

தீட்டுவது என்றால் நமக்குச் சாணைக்காரன் ஞாபகம் வரும். சக்கரம் சுற்றும், பொறி பறக்கும். ஜப்பானிய வாள் தீட்டுகிறவனிடம் சக்கரம் கிடையாது. பொறி பறக்குமளவுக்குச் சூடு ஏறினால் எஃகின் தோய்ச்சல் இறங்கிவிடும், வாள் போயிற்று. அவன் குட்டையான ஒரு பலகையில் உட்காருகிறான். எதிரே ஒரு கட்டையின் மேல் கல் இருக்கிறது. கல் நகராதபடி வளைந்த ஒரு மரத்துண்டு அதைப் பிடித்திருக்கிறது. அந்த மரத்தை வலது காலால் அழுத்திக்கொள்கிறான். பக்கத்தில் ஒரு தொட்டி நிறையத் தண்ணீர். துரு ஏறாமல் இருப்பதற்காக அதில் கொஞ்சம் காரம் கலந்திருக்கும். அசைவது வாள்தான். கல் சும்மா இருக்கிறது.

கற்கள் ஆறு ஏழு வகை. முதலில் வருவது முரட்டுக் கல்; அது இந்தக் காலத்தில் செயற்கைக் கல்லாகவே இருக்கிறது. பிறகு குமாமோதோ பக்கத்து அமாகுஸா தீவுகளில் வெட்டிய பின்ஸுயி என்ற கல். பிறகு மிகாவா நாட்டு நகுரா கற்கள், கொரகொரப்பான ஒன்றும் நயமான ஒன்றுமாக. கடைசியில் கியோதோ மலைகளில் கிடைக்கும் உச்சிகுமோரி. அந்தக் கியோதோ கல் ஆழ்கடலின் அடியில் மிக நுண்ணிய தூசி படிந்து படிந்து இறுகியது. அதன் வயசை ஏறக்குறைய 25 கோடி ஆண்டு என்கிறார்கள். அந்தச் சுரங்கங்களில் பெரும்பாலானவற்றை இப்போது மூடிவிட்டார்கள். நல்ல கல் வைத்திருக்கிறவன் அதைச் சொத்துப்போலக் காப்பாற்றுகிறான்.

கல் மாறும்போது தேய்க்கிற கோணமும் மாறுகிறது. முதல் கல் வாளின் குறுக்கே கீறல் போடும். அடுத்தது சாய்வாகப் போடும். பின்னால் வருகிறவை நீளவாக்கில் போடும். காரணம் எளிது. முந்தின கல்லின் கீறல் ஒன்று மிச்சமிருந்தாலும் புதுக் கீறலுக்கு நடுவே அது தனியாகத் தெரிந்துவிடும். தெரிந்தால் திரும்பவும் தேய்க்க வேண்டும். பார்க்காமல் விட்டுவிட்டு அடுத்த கல்லுக்குப் போனால், கடைசிக் கல்லில் அந்தப் பழைய கீறல் எதிரே வந்து நிற்கும். அவசரக்காரனுக்கு இந்த வேலை லாயக்கில்லை.

இத்தனை சிரமம் எதற்கு? வாள் கூராக வேண்டும் என்றால் மூன்றாவது கல்லோடு நிறுத்திவிடலாம். இது பார்வைக்காகச் செய்கிற வேலை. கொல்லன் வாளைக் கடைசித் தடவை காய்ச்சுவதற்கு முன்னால் அதன் மேல் களிமண் பூசுகிறான். முதுகுப் பக்கம் கனமாகவும் வாய்ப்பக்கம் மெல்லியதாகவும் பூசுவான். பழுக்கக் காய்ச்சித் தண்ணீரில் தோய்க்கும்போது மண் மெலிந்த வாய் சட்டென்று குளிர்ந்து மிகக் கடினமாகிறது. மண் தடித்த முதுகு மெதுவாகக் குளிர்ந்து சற்று மென்மையாக நிற்கிறது. இரண்டும் சந்திக்கிற எல்லையை ஹாமொன் என்கிறார்கள். ஒரு கொல்லனின் ஹாமொன் நேர்கோடாக ஓடும்; இன்னொருவனுடையது கிராம்பு மொட்டுகளை நெருக்கி அடுக்கியதுபோலப் புரளும். அந்த எல்லையில் எஃகின் மணிகள் கண்ணுக்குத் தெரியும் அளவில் மின்னினால் அதற்கு ஒரு பெயர். பனிபோல மங்கலாகப் பரவினால் வேறொரு பெயர். அதற்கு மேலே, மடித்து மடித்து அடித்த எஃகில் மரத்தின் ரேகைகள்போல ரேகை ஓடும். பிஸென் நாட்டுப் பழைய வாள்களில் ரேகைக்கும் மேலே நிழல்போல ஒரு வெளிச்சம் மிதக்கும்.

இத்தனையும் வாளுக்குள் இருக்கின்றன. ஆனால் தாமாகத் தெரியாது. இயந்திரச் சக்கரத்தில் கொடுத்தால் எல்லாம் ஒரே கண்ணாடியாகிவிடும். அதில் நம் முகம்தான் தெரியும். கல்லோ கடினமான எஃகை ஒரு விதமாகவும் மென்மையான எஃகை ஒரு விதமாகவும் தொடுகிறது. அந்த வித்தியாசம்தான் கண்ணுக்கு உருவமாகிறது. ஆகவே தீட்டுகிறவன் புதிதாக எதையும் செய்வதில்லை, இருப்பதைத் தெரியவைக்கிறான் என்று சொல்வது வழக்கம். நானும் முதலில் அப்படித்தான் நம்பினேன். விஷயம் அவ்வளவு சுலபமாக இல்லை.

அடிப்படைத் தீட்டு முடிந்தபின் மெருகு வேலை ஆரம்பிக்கிறது. உச்சிகுமோரிக் கல்லையே அப்பளத்தைவிட மெல்லிய சில்லாகத் தேய்த்து, பின்னால் காகிதம் ஒட்டி, கட்டைவிரலின் கீழ் வைத்து வாளின் மேல் உருட்டுகிறான். நருதாகி என்ற இன்னொரு கியோதோக் கல்லின் சில்லால் ரேகையை எழுப்புகிறான். பிறகு கொல்லன் அடிக்கும்போது உதிர்கிற இரும்புச் செதிலை மிக நுண்ணிய பொடியாக்கி, எண்ணெயில் குழைத்து வடிகட்டி, பஞ்சினால் தேய்க்கிறான். எஃகு கறுத்து ஆழம் கொள்கிறது. இதுவரை யாருக்கும் தகராறில்லை. தகராறு இதற்குப் பிறகு வருவது.

பொடி தேய்த்ததில் ஹாமொனும் கொஞ்சம் மங்கிவிடுகிறது. அதனால் நகத்தளவு கல் சில்லு ஒன்றைக் கட்டைவிரல் நுனியில் வைத்துக்கொண்டு, ஹாமொனின் மேலே மணிக்கணக்காகத் தேய்த்து, அந்தப் பட்டையை வெள்ளையாக்குகிறான். இதற்கு ஹாதோரி என்று பெயர். மெய்ஜி காலத்தில் ஹோனாமி நரிஷிகே என்பவர் கண்ட முறை இது. கிராம்பு மொட்டுபோல நெளிகிற ஹாமொனை மொட்டு மொட்டாகக் கல்லால் பின்தொடர முடியாது. ஆகவே தீட்டுகிறவன் மேடு பள்ளங்களை ஒருவாறு சுருக்கி, தானே ஒரு வளைகோடு தீர்மானித்து, அதன் வழியே வெளுக்கிறான். கண்ணாடிக்கு இப்பால் நின்று பார்க்கிறவனுக்கு முதலில் தெரிவது அந்த வளைகோடுதான். கொல்லனின் கோடு அதற்குள்ளே எங்கேயோ இருக்கிறது.

இதற்கு முந்தின முறைக்கு ஸாஷிகோமி என்று பெயர். அதில் வெளுக்கிற வேலை கிடையாது. பொடி மேல்பகுதியைக் கறுக்கச் செய்யும். ஹாமொன் தன் நிறத்தில் தன் உருவத்தில் நிற்கும். கொஞ்சம் மங்கல்தான். ஆனால் பார்க்கிற கோடு கொல்லனின் கோடு.

சரித்திரத்தையும் கொஞ்சம் பார்க்க வேண்டும். 1876இல் ஜப்பானிய அரசாங்கம் பொது இடத்தில் வாள் அணியக்கூடாது என்று சட்டம் போட்டது. அதுவரை இடுப்பில் இருந்த வாள் அதற்குப் பிறகு பெட்டிக்குள்ளும் காட்சி மண்டபத்துக்கும் போயிற்று. கையில் எடுத்து விளக்குக்கு நேரே சாய்த்துப் பார்க்கத் தெரிந்தவர்கள் குறைந்தார்கள். தூரத்தில் நின்று பார்க்கிறவர்கள் அதிகமானார்கள். ஹாதோரி அந்தக் காலத்தில் பிறந்து செழித்தது தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை. தூரத்துக் கண்ணுக்கு எட்டும்படி எழுத்தைப் பெரிசாக்கிக் காட்டுகிற முறை அது. நரிஷிகேக்குப் பின்னால் வந்தவர் ஹோனாமி கோஸோன். அவருடைய சீடர் நகயாமா கோகன், 1998இல் அரசாங்கத்தாரால் தேசத்தின் உயிருள்ள பொக்கிஷம் என்று கௌரவிக்கப்பட்டவர். இன்று எங்கும் காண்கிற மெருகு பெரும்பாலும் ஹாதோரிதான்.

என் மனசு ஸாஷிகோமி பக்கம் சாய்கிறது. சுருக்கம் எவ்வளவு அழகாக இருந்தாலும் மூலத்தின் இடத்தில் உட்காரக்கூடாது என்பது என் கட்சி. ஒரு நாவலைப் பற்றி விமரிசகர் எழுதிய நாலு பக்கம் நாவலைவிடத் தெளிவாக இருப்பதுண்டு. வாசகர் அதைப் படித்துவிட்டு நாவலைப் படித்ததாகவே நினைத்துக்கொள்வதும் உண்டு. இதில் விமரிசகரின் திறமையையே குற்றம் சொல்ல வேண்டியிருக்கிறது.

ஆனாலும் எதிர்க் கட்சியையும் கேட்க வேண்டும். அவர்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. ஹாதோரி கொல்லனின் கோட்டை அழிப்பதில்லை. வாளைக் கையில் எடுத்து விளக்குக்கு எதிரே சாய்த்தால் வெள்ளை மறைந்து, அடியிலிருக்கும் உண்மையான ஹாமொன் எழுந்து வரும். தெரிந்தவன் அப்படித்தான் பார்க்கிறான். மணிகள் திரண்டு மின்னுகிற சில வாள்களில் ஹாதோரி இல்லாவிட்டால் புதிதாகப் பார்க்கிறவனுக்கு ஒன்றுமே எட்டாது என்கிறார்கள். வாஸ்தவமாக இருக்கலாம். மியூஸியத்தில் பெரியவர் முழங்காலை மடக்கிக் காட்டினாரே, அதற்கும் இதுதான் அர்த்தம். வெள்ளையைத் தாண்டிப் பார் என்றார். ஹாமொனைப் பதிவு செய்கிற நிபுணர்கள் இன்றும் வெறும் புகைப்படத்தை நம்பிவிடுவதில்லை. காகிதத்தை வாளின் மேல் வைத்து உருவத்தைத் தேய்த்தெடுத்து, ஹாமொனைக் கண்ணால் பார்த்துப் பார்த்துக் கையால் வரைகிறார்கள்.

ஆகவே ஹாதோரியா ஸாஷிகோமியா என்ற சண்டையை நான் ஓரளவுக்கு மேல் நீட்டமாட்டேன். அது மேல்பூச்சு, பிடிக்காவிட்டால் அடுத்தவர் எடுத்துவிட்டு வேறு விதமாகப் போடலாம். அதற்குள் அதிகம் எஃகு போய்விடாது. என் கவலை அதற்கு முந்தின கட்டத்தைப் பற்றியது. மெருகைப் பற்றி எல்லோரும் பேசுகிறார்கள். முதல் மூன்று கற்களைப் பற்றிப் பேசுவோர் குறைவு. தீட்டுகிறவனை அங்கேதான் எடைபோட வேண்டும்.

வாளின் பக்கவாட்டில், முதுகுக்கும் வாய்க்கும் நடுவே ஒரு வரம்பு ஓடுகிறது. முனையருகே குறுக்கே ஒரு சின்னக் கோடு இருக்கிறது. அந்தக் குறுக்குக் கோட்டைச் சம்மட்டி போடுவதில்லை, கல்தான் போடுகிறது. இந்த வரம்பும் கோடும் கத்தரித்ததுபோல இருக்க வேண்டும். வரம்புக்குக் கீழே வாய்வரைக்கும் இருக்கிற சதை, லேசான ஒரு புடைப்பு, பள்ளம் விழாமல் ஒரே சீராக இறங்க வேண்டும். இப்போது வாளில் ஒரு துருப்புள்ளி இருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். கடுகளவு ஆழம். அந்த இடத்தை மட்டும் தேய்த்தால் புள்ளி போய்விடும், பள்ளம் விழுந்துவிடும். பள்ளம் விழாமல் எடுக்க வேண்டுமென்றால் அந்தப் பக்கம் முழுவதையும் கடுகளவு இறக்க வேண்டும். ஒரு புள்ளிக்காக வாள் முழுவதும் மெலிகிறது.

இப்படி எத்தனை தடவை மெலியலாம்? பல வாள்களில் மேலே கடினமான எஃகைத் தோல்போலப் போர்த்து, உள்ளே மென்மையான எஃகை வைத்திருக்கிறான் கொல்லன். தோல் தேய்ந்துகொண்டே வந்து ஒரு நாள் உள்ளே இருப்பது எட்டிப் பார்க்கும். ரேகையில்லாத ஒரு மொட்டைத் திட்டு தெரியும். வாள் சோர்ந்துவிட்டது என்பார்கள். சோர்ந்த வாளை எவராலும் தேற்ற முடியாது. அதை அப்படி ஆக்கியவர்கள் துஷ்டர்கள் அல்லர். அதை நேசித்தவர்கள். தலைமுறைக்குத் தலைமுறை, இன்னும் கொஞ்சம் பளபளக்கட்டும் என்று ஆசைப்பட்டவர்கள்.

நல்ல தீட்டுக்காரன் இதை அறிந்தவன். அவன் சில புள்ளிகளை வேண்டுமென்றே விட்டுவிடுகிறான். வாயில் ஒரு சின்ன நசுக்கல் இருந்தால் அதை எடுக்க எவ்வளவு எஃகு போகும் என்று கணக்குப் பார்த்து, இருக்கட்டும் என்று விடுகிறான். சில சமயம் வாளைப் பார்த்துவிட்டு, இதற்கு இப்போது கல் வேண்டாம் என்று திருப்பிக் கொடுத்துவிடுகிறான். அதற்குக் கூலி கிடையாது. ஆனால் அவன் கலையில் அதற்குத்தான் முதல் ஸ்தானம் என்று நினைக்கிறேன்.

எதை விடுவது, எதை எடுப்பது என்று தெரியவேண்டுமானால் வாள் யாருடையது என்று தெரியவேண்டும். பிஸென் வாளுக்குச் செய்வதை யாமாஷிரோ வாளுக்குச் செய்தால் இரண்டும் கெடும். அதனால்தான் ஹோனாமி குடும்பத்தார் பல நூற்றாண்டுகளாகத் தீட்டுவதையும் வாளை மதிப்பிடுவதையும் ஒரே தொழிலாக வைத்திருந்தார்கள். கையெழுத்தில்லாத வாளைப் பார்த்து, இது இன்ன கொல்லன் அடித்தது என்று சீட்டு எழுதிக் கொடுப்பார்கள். ஷோகுன் யோஷிமுனேயின் உத்தரவின் பேரில், பேர்பெற்ற வாள்களின் பட்டியல் ஒன்றை 1719இல் தயாரித்ததும் அந்தக் குடும்பம்தான். ஜப்பானியக் கையெழுத்துக் கலையிலும் மண்பாண்டத்திலும் பெரும் புகழ் பெற்ற ஹோனாமி கோயெத்ஸு (1558–1637) அந்த வீட்டுப் பிள்ளை. கல்லும் ரசனையும் ஒரே கையில் இருந்தன. ரசனையில்லாத கல் வாளைத் தின்றுவிடும் என்பதை அவர்கள் கண்டிருக்க வேண்டும். நான் முன்னே சொன்ன நகயாமா எழுதிய ரசனைப் புத்தகத்தை 1997இல் வந்த இங்கிலீஷ் மொழிபெயர்ப்பில் படித்தேன். வாழ்நாள் முழுவதும் தீட்டியவர் எழுதியது. புத்தகத்தின் பெரும்பகுதி கொல்லர்களையும் அவர்கள் மரபுகளையும் பற்றித்தான் பேசுகிறது. இது எனக்குப் பிடித்திருந்தது.

இந்த இடத்தில் என் சொந்த அசட்டுத்தனம் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். என் முதல் நாவல் வெளிவந்து பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பிறகு இரண்டாம் பதிப்புக்கு வந்தது. சிவப்புப் பென்சிலும் கையுமாக ஒரு மாசம் உட்கார்ந்தேன். முரட்டு வாக்கியங்களை எல்லாம் சமன் செய்தேன். ஒரு கிழவி பேசுகிற பேச்சில் சொன்னதையே திரும்பச் சொல்லுவாள்; அதை வெட்டினேன். புத்தகம் வழவழவென்று வந்தது. எனக்கு வெகு திருப்தி. முதல் பதிப்பைப் படித்திருந்த ஒரு வாசகர் வீடு தேடி வந்து, "அந்தக் கிழவியை ஏன் சார் எடுத்துவிட்டீர்கள்?" என்று கேட்டார். "எடுக்கவில்லையே, இருக்கிறாளே" என்று பக்கத்தைப் புரட்டிக் காட்டினேன். அவர் படித்துப் பார்த்துவிட்டு, "இவள் வேறே" என்றார்.

அடுத்த பதிப்பில் பழைய கிழவியைத் திரும்பக் கொண்டுவந்து சேர்த்தேன். எங்கிருந்து? ஒரு நூல் நிலையத்தில் முதல் பதிப்பின் பிரதி ஒன்று கிழிந்துபோய்க் கிடந்தது, அதிலிருந்து. எழுதுகிறவனுக்கு இந்தச் சௌகரியம் இருக்கிறது. தவறாகத் தேய்த்தாலும் முதல் பதிப்பு எங்கேயாவது அகப்படும். வாளுக்கு முதல் பதிப்பு கிடையாது. தொட்டியின் அடியில் சேறாகப் படிந்த எஃகை எவனும் வாளில் திரும்ப ஒட்ட முடியாது. இதை நினைத்துப் பார்த்தபிறகு, அந்தப் பலகையில் உட்காருகிற மனுஷன்மேல் எனக்கு ஏற்பட்ட மரியாதை ஒன்று, பயம் ஒன்று.

அவனுடைய கையெழுத்தைப் பற்றியும் சொல்ல வேண்டும். வேலை முடிந்ததும் அவன் தன் பெயரை வாளில் எழுதுவதில்லை. வாளின் முதுகுப் பக்கத்தை எஃகு ஊசியால் அழுத்தி மெருகேற்றும்போது, கைப்பிடியை ஒட்டி, உலோகப் பட்டம் மூடி மறைக்கிற இடத்தில், மெல்லிய கோடுகள் சில இழுத்து வைக்கிறான். முனையின் முதுகிலும் சில. தேடிப் பார்க்கிறவனுக்கு மட்டும் தெரியும். அடுத்த தடவை வாள் கல்லுக்கு வரும்போது அந்தக் கோடுகளும் போய்விடும்.

கொல்லனின் கையெழுத்து வேறு இடத்தில் இருக்கிறது. கைப்பிடிக்குள் செருகியிருக்கிற அடிப்பகுதியில் உளியால் வெட்டியிருப்பான். அந்தப் பகுதியைத் தீட்டுகிறவன் தொடவேமாட்டான். அங்கே நூற்றாண்டுகளின் துரு கறுத்துப் போய்க் கிடக்கும். அந்தத் துருவின் நிறத்தைப் பார்த்துத்தான் வாளின் வயசைச் சொல்கிறார்கள். விஷயம் தெரியாத யாராவது ஆசையாக அதைச் சுத்தம் செய்து பளபளப்பாக்கினால், வாளுக்குச் சாட்சி போய்விடும், மதிப்பும் போய்விடும்.

மியூஸியத்தில் நான் பார்த்தது யாருடைய வேலை என்று கேட்டுக்கொண்டேன். வாள் முனேசிகாவினுடையது. அது இன்னும் அவனுடையதாகவே இருப்பதற்கு, பெயர் தெரியாத பலர் சீக்கிரம் கல்லை எடுத்துக் கழுவி வைத்ததுதான் காரணம். அடுத்த தடவை உயேனோவுக்குப் போக நேர்ந்தால் பிறைகளைப் பார்ப்பேன். கூடவே, யாரோ எடுக்காமல் விட்ட ஒரு புள்ளி எங்கேயாவது தெரிகிறதா என்றும் தேடிப் பார்ப்பேன்.